பெரிய அண்ணியின் மெட்டு

“சாவுக்கு ஒரு மியூசிக் போட்டுக் குடுங்கண்ணே. சாயந்திரம் எடிட்டிங் முடிக்கணும்.”

கோலாலம்பூரிலிருந்து போன வாரம்தான் தொடருக்கு வந்து சேர்ந்திருந்த இயக்குநர் தனேஷ், வாங்கி வந்த கோப்பியைக் கீபோர்டுக்குப் பக்கத்தில் வைத்தான். ஆயர் ஈத்தாம் சந்தைக்கு எதிரே, மாடியில் இருந்தது பழனியப்பனின் ஒலிப்பதிவு அறை. தொலைக்காட்சித் தொடர்களுக்கு இசையமைத்தே தலை நரைத்தவர்.

“யார் சாவு?”

“பெரிய அண்ணிதான். நடிச்சவங்களே தவறிட்டாங்க. கதையிலயும் எக்சிடெண்ட்னு முடிச்சிடலாம். நீங்க அழ வச்சா ஊரே அழும்ணே. தொடர்ல மாமியார் செத்த அன்னிக்கு எங்கம்மா சமைக்கவே இல்ல லா!”

பழனியப்பன் சிரிக்கவில்லை. “சாகடிச்சிட்டா அண்ணி வர்றப்ப போடற மெட்டை இனிமே போட முடியாதே.”

“செத்தவங்க மெட்டை மறுபடி போட்டா, பேய்க் கதைன்னு சேனலை மாத்திடுவாங்க.”

“அதான் வேணாங்கிறேன். வெளிநாட்டுக்கு அனுப்பிடுங்க தம்பி. வாரம் ஒரு போன் வரட்டும். முகம் வேணாம், குரல் வேணாம். போனை எடுத்ததும் மெட்டு. வீட்டு ஆளுங்க பதில் பேசறதுலயே அண்ணி என்ன சொன்னாங்கன்னு தெரிஞ்சிடும்.”

“ஒரு மெட்டுக்காகக் கதைய மாத்தணுமா? அவ்ளோ ஆசையா அது மேல?”

“நான் போட்டதுலயே அதுதான் நல்லது.”

தனேஷ் தலையைச் சொறிந்தான். “வாசிங்க, பார்ப்போம்.”

பழனியப்பன் வாசித்தார். தனேஷ் கைப்பேசியைக் காதில் வைத்து நடித்துப் பார்த்தான்.

“நல்லாருக்கோம் அண்ணி… ஆமா, சாப்ட்டோம்…”

மெட்டு ஓரிடத்தில் வெடுக்கென்று துள்ளியது. அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “திட்டறாங்களாண்ணே?”

“ஆமா. நேரத்துக்குச் சாப்பிடலன்னா திட்டுவாங்க.”

தனேஷ் கைப்பேசியைக் கீழே வைத்தான். “சரி லா. சாவு கேன்சல். லண்டனுக்கு அனுப்பிடறேன்.”

அடுத்த மாதம் அந்தக் காட்சி ஒளிபரப்பானது. பழனியப்பனும் மகள் ஷர்மினியும் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து பார்த்தார்கள். தொடரில் போன் மணி அடித்தது. மெட்டு எழுந்தது. ஷர்மினி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிறகு சிரித்தாள்.

“ஏம்ப்பா, போயும் போயும் லண்டனுக்கா அனுப்புனீங்க? அம்மாவுக்கு ஏர்கோன் குளிரே ஆகாதே!”