பாவாத்தாள் பேசின பேச்சு

"பந்தியில வெச்சு என்னை ஒருத்தர் 'ராசியில்லாதவ'ன்னு சொல்றாருங்க. இவங்க என்னடான்னா 'ரசம் கொஞ்சம் ஊத்துங்க'ங்கறாங்க. இவங்க கூட நான் எப்படிங்க மேடம் குடும்பம் நடத்தறது?"

சண்முகப்ரியா கேட்டது நியாயம்தான். கோயமுத்தூர் குடும்ப நலக் கோர்ட்டில் சமரசம் பேசும் லட்சுமியம்மாள், அவள் புருசன் ரவிக்குமாரைப் பார்த்தார்.

"சொன்னது எங்க பெரிய மாமனுங்க. பெரியவங்களை எதுத்துப் பேசினா மரியாதையா இருக்காதுங்களே," என்றான் அவன்.

"பாத்தீங்களா? ஊருக்கெல்லாம் மரியாதை. கட்டினவளுக்குத்தான் கெடையாது."

ஒவ்வொரு வாய்தாவுக்கும் இதே பாட்டுதான். அடிதடி இல்லை, குடி இல்லை, வாய் மட்டும் இல்லை அவனுக்கு. இன்றைக்கும் ஒத்துவராவிட்டால் கேஸ் ஜட்ஜிடம் போய்விடும். அப்புறம் விவாகரத்துதான்.

லட்சுமியம்மாளுக்கு அது கௌரவப் பிரச்சினை. தான் ஒட்டவைத்த ஜோடிகளைப் பற்றிப் பார்க்கிறவர்களிடமெல்லாம் பெருமையடிப்பவர் அவர். சொந்தபந்தம் உள்ளே வந்தால் காரியம் கெட்டுப்போகும் என்பது அவர் சித்தாந்தம். அதனால் பெண்ணின் அப்பாவையும், பையனின் அம்மா பாவாத்தாளையும் வராந்தாவிலேயே உட்கார வைத்திருந்தார்.

பாவாத்தாள் உட்கார்ந்தால்தானே. கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்துவிட்டாள்.

"ஏனுங்க, இன்னும் என்னங்க பேச்சு? எங்கண்ணன் சொன்னதுல என்ன தப்புங்க? கல்யாணமாகி நாலு வருசமாச்சு, ஒரு புழு பூச்சி உண்டுங்களா?"

"அம்மா, வெளிய போங்க," என்றார் லட்சுமியம்மாள்.

"போறனுங்க. இந்தா அம்மணி, கையெழுத்தைப் போட்டுப்போட்டு உங்கப்பன் ஊட்டுக்கு நடையக் கட்டு. எம்பையனுக்கு ஆயிரம் பொண்ணு கெடைக்கும்."

சண்முகப்ரியா அழுதாள். ரவிக்குமார் தரையைப் பார்த்தான்.

பாவாத்தாள் மகனை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு இன்னும் சத்தமாக ஆரம்பித்தாள்.

"அழுகைக்கு ஒண்ணும் கொறைச்சலில்லை. மலடிக்கு..."

நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. ரவிக்குமார் எழுந்து நின்றான்.

"அம்மா, நிறுத்து. கொறை அவளுக்கா எனக்கான்னு உனக்குத் தெரியுமா? இன்னொரு வார்த்தை அவளைச் சொன்னீன்னா நான் உம்பையனே இல்லை. மாமனுக்கும் போய்ச் சொல்லிப்போடு."

சண்முகப்ரியா அழுகையை நிறுத்திவிட்டு, யாரோ எவரோ என்பதுபோல அவனைப் பார்த்தாள்.

"மேடம், எங்களுக்கு விவாகரத்து வேண்டாமுங்க. நாங்க தனியாப் போயிக்கறோம். வா ப்ரியா."

"இதை அன்னைக்கே பேசியிருந்தா நான் எதுக்குங்க கோர்ட்டுக்கு வாரேன்?" என்று அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

கேஸை வாபஸ் வாங்க எழுதிக் கொடுத்துவிட்டுக் கிளம்பினார்கள். அப்பாவோடு வந்தவள் புருசனோடு மொபெட்டில் போனாள். பாவம், அப்பா தனியாக அன்னூர் பஸ் ஏறினார்.

லட்சுமியம்மாள் பாவாத்தாள் பக்கம் திரும்பினார்.

"ஏம்மா, நீங்களும் ஒரு பொம்பளையா? உங்க வாயில கொள்ளிக்கட்டையைத்தான் வைக்கணும். நான் மட்டும் இவ்வளவு பாடுபட்டுப் பேசலேன்னா இன்னைக்கு ஒரு குடும்பமே அழிஞ்சிருக்கும்."

"வாஸ்தவந்தானுங்க. அப்படியொரு வார்த்தை என்ற வாயில வந்திருக்கக் கூடாதுங்க."

பாவாத்தாள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். முந்தானை முடிச்சை அவிழ்த்து ஒரு சாவியை எடுத்து மேஜைமேல் வைத்தாள்.

"போன வாரமே உக்கடத்துல அவிய ரெண்டு பேருக்கும் ஊடு பாத்து, பால் காச்ச அடுப்பு மொதக்கொண்டு வாங்கி வெச்சுப்போட்டனுங்க. நீங்களே பாத்துக் குடுத்தாப்பல அவியளைக் கூப்புட்டுக் குடுத்துருங்க."