பெட்டிக்குள் ஒரு சக்களத்தி

"என்னா அழகு!" என்று கண்ணாடிப் பெட்டியைப் பார்த்து மெதுவாகச் சொன்னான் கணவன்.

அவனுக்குப் பின்னால், ஜன்னலோரம் சட்டைக்குக் காலர் தைத்துக்கொண்டிருந்தவளின் மெஷின் டக்கென்று நின்றது. கல்யாணமாகி ஆறு வருஷத்தில் அவளைப் பார்த்து அப்படி ஒரு வார்த்தை வந்ததில்லை.

நாலு மாதத்துக்கு முன் அந்தப் பெட்டியில் குடியேறியது ஒரு வெளிநாட்டுப் பல்லி. கிளிப்பச்சை உடம்பு, முதுகில் சிவப்புப் புள்ளி, பகலெல்லாம் விழித்திருந்து மினுக்கும் ஜாதி. அதற்கு வேளாவேளைக்குப் பழக்கூழ், ஒரு சொட்டுத் தேன், இலை நனையத் தண்ணீர்த் தெளிப்பு. இவள் ஜுரத்தில் கிடந்தபோது ஒரு டம்ளர் வெந்நீர் வைக்கத் தெரியாத மனுஷன்!

பத்து நாளைக்கு முன் பொறுக்க முடியாமல் கேட்டுவிட்டாள்: "இந்த வீட்டுல அதுவா, நானா?" அவன் டூல்ஸ் பையை எடுத்துக்கொண்டு வேலைக்குக் கிளம்பிவிட்டான். அன்றிலிருந்து இவள் அவனோடு பேச்சை நிறுத்திவிட்டாள்.

அவனோ வேலைக்குக் கிளம்பும்வரை பெட்டி முன்னால்தான். ஊருக்கெல்லாம் விளக்கு மாட்டும் எலக்ட்ரீஷியன், இப்போது பெட்டி விளக்கைக்கூடப் போடுவதில்லை. இருட்டில் என்ன கொஞ்சலோ என்று அவளுக்கு வயிறு எரிந்தது.

அவன் குளிக்கப் போனதும் தங்கைக்குப் போன் போட்டாள்.

"காலங்காத்தால அழகாம்டி! என் காதுபடவே சொல்றாரு."

"போயும் போயும் பல்லிகூடவாக்கா போட்டி போடுற?"

"பல்லியா இருந்தா என்ன? சக்களத்தி சக்களத்திதான். இன்னைக்கு அதை விரட்டிட்டுத்தான் மறுவேலை."

பழந்துணியைக் கையில் சுற்றிக்கொண்டு பெட்டியின் மூடியைத் திறந்தாள். மூங்கில் குச்சியைப் புரட்டினாள், இலை இலையாக விலக்கினாள். பல்லியைக் காணோம்.

திரும்பினால், ஈரத் தலையோடு அவன்.

துணி சுற்றிய கையை முதுகுக்குப் பின்னால் மறைத்தாள். "நான் ஒண்ணும் பண்ணல. அதுவா ஓடிடுச்சுபோல."

"எங்க ஓடும்? நீ கேட்ட அன்னைக்கு சாயங்காலமே கடையில திருப்பிக் கொடுத்துட்டேன்."

"பொய்! அப்போ பத்து நாளா காலிப் பெட்டி முன்னாடி உக்காந்து யாரைப் பார்த்துட்டிருந்தீங்க?"

அவன் அவளைத் தன் நாற்காலியில் உட்காரவைத்தான். இருண்ட கண்ணாடியில் ஜன்னல் வெளிச்சமும், தையல் மெஷினும், அவளுடைய ஸ்டூலும் பளிச்சென்று தெரிந்தன.

"நேர்ல பார்த்தா நீதான் மூஞ்சியைத் திருப்பிக்கிறியே!"