நன்மை தின்மை இல்லாத வீடு

அருட்பிரகாசம் படலைக்கு வெளியே நின்று வேலியைக் காலடியால் அளந்துகொண்டிருந்தார். "ஒண்டு, ரண்டு, மூண்டு..." என்று உரக்க எண்ணினார்.

மிளகாய்க் கன்றுக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்த ஆழ்வாப்பிள்ளை மண்வெட்டியைப் போட்டுவிட்டு வந்தார். பதினொரு வருடமாக இந்த ஒழுங்கைக்குள் கால் வைக்காத மனிதன். சும்மா வரமாட்டான்.

அருட்பிரகாசம் வேறு யாருமில்லை; ஆழ்வாப்பிள்ளையின் மனைவி மீனாம்பிகைக்குச் சித்தப்பா மகன், அப்புக்காத்து. வேலி வழக்கில் பக்கத்து வளவு மார்க்கண்டுவுக்காக மல்லாகம் கோட்டில் ஏறி வாதாடி, சொந்த அக்கா புருசனை "வேலிக் கள்ளன்" என்றவர். வழக்கில் வென்றது ஆழ்வாப்பிள்ளைதான். கிணறும் அதைச் சுற்றிய அரைப் பரப்புக் காணியும் அவருக்கே தீர்ந்தன. பட்டப்பெயரும் அவருக்கே தீர்ந்தது.

அன்றிலிருந்து இரண்டு வீட்டுக்கும் நன்மை தின்மை இல்லை. ஆழ்வாப்பிள்ளையின் தாய் செத்தபோது அவர்கள் எட்டிப் பார்க்கவில்லை. அவர்களின் மகள் கலியாணத்துக்கு இவர்கள் போகவில்லை. பண்டத்தரிப்பில் இது தெரியாத குஞ்சு குருமன் கிடையாது.

பிறகு அப்புக்காத்து கோட்டுப் படி இறங்கி அரசியலில் ஏறினார். எண்பத்தெட்டில், இந்தியன் ஆமியின் நிழலில் நடந்த, யாழ்ப்பாணத்தில் ஒரு வாக்கும் விழாத தேர்தலில், மாகாணசபை உறுப்பினரானார். எங்கே போனாலும் முன்னுக்கு ஜீப், பின்னுக்குத் துவக்கு ஏந்திய காவல்காரர். இன்று நடந்து வந்திருந்தார்.

"என்ன காணும், என்ரை வேலியிலை உமக்கென்ன அளவை?"

"மாகாணசபை வேலை, அத்தான். றோட்டு அகட்டப் போறம். உங்கடை கிணறும் போகும்."

அவர் ஆழ்வாப்பிள்ளையைப் பார்த்துச் சொல்லவில்லை. குடத்தோடு நின்ற சின்னாச்சியையும், சைக்கிளை நிறுத்திக் காலூன்றிய ஏரம்புவையும் பார்த்துச் சொன்னார். குரல், கோட்டில் கேட்ட அதே குரல்.

"அத்தானோ? ஆருக்கு ஆர் அத்தான்?"

ஏரம்பு சிரித்தான். "அப்புக்காத்தர், சந்தியிலை இருந்த இந்தியன் ஆமி மூட்டை கட்டிப் போய் நாலு நாள். மிச்சமும் போனால் உங்கடை சபையும் முடிஞ்சுது, காட்டிலை இருக்கிற இயக்கக்காரர் வந்திடுவாங்கள். பிறகு ஆர் றோட்டுப் போடுறது?"

அதுதான் விசயம் என்று ஆழ்வாப்பிள்ளைக்குப் பட்டது. பதவி போகமுன் கிணற்றை விழுங்கப் பார்க்கிறான். கோட்டில் தோற்றதைச் சபைக் கந்தோர்க் கடதாசியில் வெல்லப் பார்க்கிறான். கையெழுத்து வைக்க ஒரு நாள் போதும் இவனுக்கு.

மீனாம்பிகை படலைக்கு ஓடி வந்தாள். "இஞ்சேருங்கோ, வெய்யிலுக்கை நிண்டு ஏன் சத்தம்? உள்ளை கூப்பிட்டுக் கதையுங்கோவன்."

"நீ உள்ளை போ. உன்ரை தம்பியார் எங்கடை கிணத்தைக் குடிக்க வந்திருக்கிறார்."

"குடிக்க என்ன இருக்கு?" என்றார் அருட்பிரகாசம், இன்னும் உரத்து. "களவெடுத்த கிணறுதானே. வேலிக் கள்ளன் எண்டு அண்டைக்குக் கோட்டிலை நான் சும்மாவே சொன்னனான்?"

அதன்பின் ஆழ்வாப்பிள்ளைக்குக் கண் தெரியவில்லை. படலையைத் தள்ளிக்கொண்டு பாய்ந்தார். அருட்பிரகாசத்தின் தோளில் கிடந்த சால்வையை இழுத்துப் புழுதியில் எறிந்தார்.

"ஒரு வோட்டும் விழாமல் வந்தவனே! என்ரை கிணறு கேக்குதோ உனக்கு? இனி இந்தப் படலையை மிதிச்சியெண்டால் காலை முறிப்பன். நீ செத்தாலும் இந்த வீட்டாலை ஒரு சனம் வராது!"

"சால்வை போடுறதைக் கண்டிருக்கிறன்," என்றாள் சின்னாச்சி. "உரியிறதை இப்பதான் காணுறன்."

ஒழுங்கையில் ஏழெட்டுப் பேர் கூடிவிட்டார்கள். ஏரம்பு சைக்கிளில் ஏறிப் பறந்தான். அவன் சந்தியைத் தாண்டமுன் ஊர் முழுக்கத் தெரிந்துவிடும்.

அருட்பிரகாசம் குனிந்து சால்வையை எடுத்து உதறினார். ஒரு சொல்லும் சொல்லாமல் நடந்தார்.

ஆழ்வாப்பிள்ளை மத்தியானச் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தார். கோட்டில் ஒரு சொல்லுக்குப் பத்துச் சொல் திருப்புகிற வாய். இன்றைக்கு ஏன் பேசாமல் போனது?

"அவன் பாவம்," என்றாள் மீனாம்பிகை. "முகம் செத்துப்போய்க் கிடந்தது, கண்டனீங்களோ?"

"பாவமோ? உவன் பேசாமல் போனால் பின்னாலை ஏதோ செய்யப்போறான் எண்டு அர்த்தம்."

பின்னால்! பின்பக்கத்தால் வந்து வேலிக் கதியாலைப் பிடுங்கி எல்லையை மாற்றி நடுகிறானோ? ஆழ்வாப்பிள்ளை கையைக் கழுவாமலே எழுந்து இரும்பு அலவாங்கைத் தூக்கிக்கொண்டு பின்வளவுக்குப் போனார்.

கதியால்கள் நட்டபடி நின்றன. ஆனால் பனங்காணிப் பக்கம் வேலி ஒரு ஆள் நுழையும் அளவுக்குப் பிரிந்து கிடந்தது. வெறுமையாய்க் கிடந்த புகையிலைக் கொட்டிலுக்குள் ஏதோ அசைந்தது.

அவர் தட்டியைக் காலால் உதைத்துத் திறந்தார்.

அருட்பிரகாசம் மூலையில் குந்தியிருந்தார். வேட்டி சால்வை இல்லை. பழைய சாரம் ஒன்று. மடியில் ஒரு உடுப்புப் பை.

ஆழ்வாப்பிள்ளை அலவாங்கை ஓங்கினார். "ஊர் பாக்க அவ்வளவு ஏச்சு வாங்கியும் காணாதோ உனக்கு?"

"காணும், அத்தான்," என்றார் அருட்பிரகாசம், மூச்சுக்குள். "இனி இயக்கக்காரர் ஊரெல்லாம் என்னைத் தேடினாலும், இந்த வீட்டிலை மட்டும் தேடமாட்டாங்கள்."