பவுடர் துடைத்த முகம்
பிரிட்ஜ்வாட்டர் கோயில் மண்டபத்தின் மணப்பெண் அறைக்குள், வெளியே பனியில் பட்ட காலை வெயில் ஜன்னல் வழியே தெறிக்கிறது. முகூர்த்தத்துக்கு அரைமணி நேரம் இருக்கிறது. அரக்குப் பட்டில் நிற்கும் தாரணியின் கருத்த முகத்தில் அவள் அம்மா வசந்தாமணி மூன்றாம் தடவையாகப் பவுடர் ஒற்றுகிறாள். தோளில் வீடியோ காமிராவோடு நிற்கும் யானுஷுக்கு எழுபது வயது. போலந்தில் முப்பது வருஷம் சினிமா ஒளிப்பதிவாளர். அரசாங்கம் காட்டச் சொன்னபடி காட்ட மாட்டேன் என்று நாட்டை விட்டே வந்தவர். “சார், இன்னொரு லைட் போடுங்க. பொண்ணு கலரா தெரியோணும்,” என்கிறாள் வசந்தாமணி. அதைத் தாரணிதான் குனிந்த தலையோடு அவருக்கு இங்கிலீஷில் சொல்ல வேண்டியிருக்கிறது. யானுஷோ, எரிந்துகொண்டிருந்த ஒரே விளக்கையும் அணைக்கிறார். ஜன்னலைக் காட்டி, தன் கைக்குட்டையைத் தாரணியிடம் நீட்டுகிறார். அவள் ஜன்னலோரம் போய் நின்று, நிதானமாகத் துடைக்கிறாள். நெற்றி, மூக்கு, கன்னம். வாசலில் விருந்தாளிகளைக் கும்பிட்டு நிற்கும் அப்பாவின் அதே நிறம் வெயிலில் பளபளவென்று மேலே வருகிறது. காமிரா ஓடத் தொடங்குகிறது. “ஐயோ, என்ன காரியம் பண்றே,” என்று பவுடர் டப்பாவோடு வசந்தாமணி குறுக்கே வந்து நிற்கிறாள். தாரணி நிமிர்ந்த தலையைத் தாழ்த்தவில்லை. “அம்மா, கொஞ்சம் தள்ளி நில்லுங்க. வெளிச்சத்த மறைக்கறீங்க.”