ஒழுகும் வீடுகள்

“கூடத்துல உட்கார்ந்துக்கிட்டே வாய்க்கு வந்ததை எழுதிட்டியாம்மா?”

எங்கள் தோணிரேவு சமுதாயக்கூடத்தில், எல்லார் முன்னாலும் ஆல்வின் சார் இப்படிக் கேட்டதும் சோபியா தலையைக் குனிந்துகொண்டாள். கணக்கெடுக்க வந்த பெண். இந்த வேலை போனால் அவள் வீட்டில் வேறு வருமானம் இல்லை.

புயலுக்குப் பிறகு, ஒழுகும் வீடுகளுக்குக் கூரை மாற்றித் தர ஒரு தொண்டு நிறுவனம் வந்தது; ஆல்வின் சார்தான் அதன் அதிகாரி. நானூறு வீட்டையும் கேட்க ஆள் இல்லை. குலுக்கிப் போட்டு நூறு வீட்டுக்குச் சீட்டுக் கொடுத்தார்கள். சீட்டோடு கூடத்துக்கு வந்தவர்களிடம் சோபியா கேட்டு எழுதினாள். அறுபது பேர் ஒழுகுது என்றார்கள்.

“அறுபதை மீதி நாற்பதால பெருக்கி, நூறால வகுத்து, வர்க்கமூலம் எடுத்து, ரெண்டால பெருக்கினேன் சார். பத்து கிட்ட வருது, அவ்வளவுதான் கூடக் குறைய இருக்கும். நூத்துக்கு ஐம்பதுல இருந்து எழுபது வீடு வரைக்கும் ஒழுகலாம்.”

“நான் தெருத்தெருவா பார்த்துட்டு வரேன். நூத்துக்கு முப்பதுதான். பத்து கூடக் குறைய இருக்கலாம். முப்பது எப்படிக் கூடும்?”

சோபியா அழுதுவிட்டாள். மீன் விற்கிற கோவிந்தம்மாவுக்குப் பொறுக்கவில்லை.

“அந்தப் பொண்ண இன்னாத்துக்கு சார் திட்றீங்க? சீட்டு எனக்குத்தான் வுழுந்துச்சு. எங்க வூடு தளம் போட்ட வூடு. அதான் ஒழுகுற வூட்டுல கெடக்குற எல்லம்மாவுக்குக் குடுத்துட்டேன்.”

சாருக்குப் புரியவில்லை. நான்தான் விளக்கினேன். ஏரியில் யார் எந்த இடத்தில் வலை போடுவது என்று நாங்கள் சீட்டு எடுப்போம். அதற்குப் பாடு என்று பெயர். கஷ்டப்படுகிற வீடு இருந்தால், விழுந்த சீட்டை அவர்களுக்கு விட்டுக்கொடுப்போம். சீட்டு இருக்கிற வீட்டுக்குத்தான் கூரை என்று நினைத்து, இதையும் அப்படியே செய்துவிட்டோம்.

விசாரித்ததில், ஒழுகாத வீடுகளுக்கு விழுந்த பல சீட்டுகள் ஒழுகும் வீடுகளுக்குக் கைமாறியிருந்தன. சார் சோபியாவிடம், தப்பு உன் பேரில் இல்லை, நாளைக்கு வீடு வீடாகப் போய்க் கேட்கலாம், நானும் வருகிறேன் என்றார். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“உங்க சீட்டை யாருக்குக் குடுத்தீங்க பெரியவரே?” என்று சார் என்னைக் கேட்டார்.

“துளசிங்கத்துக்கு. கதவு இடுக்குல சொருகிட்டு வந்துட்டேன்.”

கூடமே சிரித்தது. என் வலையை அறுத்தவன் அவன். என் மகள் கல்யாணத்துக்குக்கூட நான் கூப்பிடாத ஆள்.

“அப்போ சமாதானம் ஆயிட்டியா மாமா?” என்றாள் கோவிந்தம்மா.

“யாரு, நானா? நனைஞ்சுகினு நிக்கிறவன்கிட்ட இன்னா சண்டை போடறது? மொதல்ல அவன் கூரையைப் போடட்டும்.”