கொரியா மாப்பிள்ளை

"இத்தாலி முடிஞ்சது, துருக்கி முடிஞ்சது, மெக்சிகோவும் முடிஞ்சது. அடுத்தது கொரியாதானே தம்பி?" என்று கேட்டபடியே பெரியவர் கைக்குட்டையால் வாயைத் துடைத்துக்கொண்டார்.

"ஆமா சார்" என்றான் கைடு.

நகரத்திலிருக்கும் பல நாட்டு உணவகங்களுக்கு ஆட்களை நடத்திக் கூட்டிப்போய், கடைக்கு ஒரு பதார்த்தம் என்று ருசிக்க வைப்பது அவன் தொழில். ஆரம்பித்து நாலே மாதம்தான், இன்னும் கால் ஊன்றவில்லை. இன்றைக்கு வந்திருந்தது ஒரே குடும்பம். பெரியவர், அவர் மனைவி, மகள், புது மருமகன். பெரியவர் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் சங்கச் செயலாளர். அவருக்குத் திருப்தி என்றால் அடுத்த மாதம் குடியிருப்பே பஸ் பிடித்து வரும். கைடு அந்தப் பஸ்ஸைத்தான் நேற்றிலிருந்து கனவு கண்டுகொண்டிருந்தான்.

"கொரியாவுலதான் உங்க சாயம் வெளுக்கப் போகுது!" பெரியவர் குலுங்கிச் சிரித்தார். "எங்க மாப்பிள்ளை எட்டு வருஷம் அங்கேயே வேலை பார்த்தவர். அவர்கிட்ட டூப்பெல்லாம் செல்லாது. அவர் சரின்னு சொன்னா ரெண்டு பஸ். இல்லேன்னா உங்களுக்கு ஒரு கும்பிடு."

"அப்பா, இவர் கொரியச் சாப்பாட்டைப் பத்திப் பேச ஆரம்பிச்சா நாள் பூரா கேட்கலாம்பா" என்றாள் மகள் பெருமையாக.

மாப்பிள்ளை உதட்டை மட்டும் லேசாக விரித்தார்.

கைடு மனசுக்குள் சாமியைக் கும்பிட்டுக்கொண்டான். கொரியக் கடையின் சமையல்காரர் சொல்லாமல் கொள்ளாமல் வேறு வேலைக்குப் போய்விட்டார். இன்று அங்கே கரண்டி பிடித்திருப்பவன் கடையின் முதலாளி, அதாவது கைடின் சொந்த மச்சான். செல்போனில் வீடியோவை ஓடவிட்டுச் சமைத்துக்கொண்டிருக்கிறான். வெந்நீர் வைத்தாலே அடிப்பிடிக்க வைக்கிற கை அது.

தெருவில் நடக்கும்போது மாப்பிள்ளையின் பக்கத்தில் ஒட்டிக்கொண்டான். "சார், நீங்க இருந்த ஊர்ல காரமெல்லாம் எப்படி? நம்ம ஆளுங்களுக்குத் தாங்குமா?"

"போய்ச் சாப்பிட்டே பாத்துக்கலாமே" என்றார் மாப்பிள்ளை, முகத்தைத் திருப்பிக்கொண்டு.

பரீட்சைக்கு முன்னால் கேள்வித்தாளைக் காட்டுகிற ஆள் இல்லை இவர் என்று கைடுக்குப் புரிந்தது. கடைசியாக ஒரு முயற்சி செய்து பார்த்தான்.

"சார், ஏற்கெனவே வயிறு நிறைஞ்சிருக்கும். கொரியாவை விட்டுட்டு நேரா ஐஸ்கிரீமுக்குப் போயிடலாமா?"

"தாராளமா!" என்றார் மாப்பிள்ளை சட்டென்று.

பாவி மனுஷன், கடைக்குள் நுழையாமலே தரத்தைக் கண்டுபிடித்துவிட்டானே என்று கைடு நொந்துபோனான்.

"அதெல்லாம் நடக்காது!" பெரியவர் முன்னால் நடந்தார். "நான் வந்ததே இதுக்குத்தான். வாங்க மாப்பிள்ளை."

கடையில் மேசை தயாராக இருந்தது. கல்சட்டியில் சிவப்பாக ஒரு குழம்பு தளதளவென்று கொதித்தபடி வந்து இறங்கியது. அடுக்களைக் கதவின் இடுக்கில் மச்சானின் ஒற்றைக் கண் தெரிந்தது.

"யாரும் கை வைக்காதீங்க" பெரியவர் உத்தரவு போட்டார். "முதல்ல மாப்பிள்ளை."

மாப்பிள்ளை சட்டியை உற்றுப் பார்த்தார். குனிந்து முகர்ந்தார். பிறகு நிமிர்ந்து, "இதுல என்னென்ன போட்டிருக்கீங்க? சொல்லுங்க" என்றார்.

குறுக்கு விசாரணை ஆரம்பமாகிவிட்டது.

"கிம்ச்சி சார்... அதாவது, புளிக்க வச்ச முட்டைக்கோஸ். அப்புறம் சோயாக் கட்டி, காளான், மிளகாய் விழுது..." கைடுக்கு நாக்கு குழறியது.

"ம்... சரி" என்று மாப்பிள்ளை தலையை ஆட்டிவிட்டு, கரண்டியால் மொண்டு வாயில் வைத்தார். கண்களில் நீர் கோத்தது. காது மடல் சிவந்தது. மென்றார், மென்றார், மென்றுகொண்டே இருந்தார். கைடு மூச்சு விடவில்லை.

"அச்சு அசல்!" மாப்பிள்ளை கரண்டியைக் கீழே வைத்தார். "அதே காரம், அதே புளிப்பு. அங்கே சாப்பிட்ட மாதிரியே இருக்கு மாமா!"

பெரியவர் மேசையை ஓங்கித் தட்டினார். "தம்பி, ரெண்டு பஸ் இல்லை, மூணு!"

எல்லாக் கரண்டிகளும் ஒன்றாகச் சட்டிக்குள் இறங்கின. கதவிடுக்கில் கண் மறைந்து, உள்ளே ஏதோ பாத்திரம் சந்தோஷமாக உருண்டது. கைடுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. மெல்ல நடந்து கை கழுவும் இடத்துக்குப் போய் முகத்தில் தண்ணீரை அடித்துக்கொண்டான். அழுகை வருகிற மாதிரிகூட இருந்தது.

பின்னாலேயே மாப்பிள்ளை வந்தார். கைடு அவர் கைகளைப் பிடித்துக்கொண்டான்.

"ரொம்ப நன்றி சார். நீங்க வாயைத் திறக்கிற வரைக்கும் என் உயிர் என்கிட்ட இல்லை."

"நான்தாங்க உங்களுக்கு நன்றி சொல்லணும்" என்றார் மாப்பிள்ளை. "நீங்க இந்த விஷயத்துல கரை கண்டவரு. மாமா முன்னாடி ஏதாவது கேள்வி கேட்டு மாட்டி விட்டுடுவீங்களோன்னு நடுங்கிக்கிட்டே வந்தேன்."

"நானா? உங்களையா?"

மாப்பிள்ளை மேசைப் பக்கம் ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"எட்டு வருஷமும் ரூம்லயே சோறு வடிச்சு, ரெண்டு முட்டையை உடைச்சு ஊத்திச் சாப்பிட்டே காலத்தை ஓட்டிட்டேன். கல்யாணப் பேச்சுல சும்மா கொஞ்சம் அளந்து விட்டது இவ்வளவு தூரம் வந்துடுச்சு. கொரியச் சாப்பாட்டை இன்னிக்குத்தாங்க முதல் தடவையா வாயில வைக்கிறேன்... இவ்வளவு நல்லா இருக்கும்னு தெரியாமப் போச்சே!"