பச்சைக்குப் பச்சை

எந்த ஊர் என்பதெல்லாம் முக்கியமில்லை, ஒரு காரில் ஒரு ரேடியேட்டர் இருந்தது. எஞ்சினின் சூட்டைத் தணிப்பதுதான் அதன் பிழைப்பு. உள்ளே இருந்த பச்சைக் கூலண்ட் பழசாகிவிட்டதென்று வடித்துவிட்டார்கள். அடியில் மட்டும் கொஞ்சம் மிச்சம் நின்றது. மறுநாள் மலை ஏற வேண்டும். சரியான கூலண்ட் இல்லாமல் ஏறினால் எஞ்சின் வெந்தே செத்துப்போகும்.

இரண்டு டப்பாக்கள் வந்து நின்றன. ஒன்று சிவப்பு, ஒன்று பச்சை.

"என் லேபிளைப் படிங்கண்ணே. உங்க உள்ள இருக்கறதும் நானும் ஒரே சரக்கு," என்றது சிவப்பு.

ரேடியேட்டருக்குத் தலை சுற்றியது. பச்சையும் சிவப்பும் எப்படி ஒரே சரக்காகும்? லேபிளில் எழுத்து வேறு எறும்பு மாதிரிப் பொடிப்பொடியாக இருந்தது. அதை எவன் உட்கார்ந்து படிப்பது?

"நீ என்னடா சொல்ற?" என்று பச்சையைக் கேட்டது.

"நான் சொல்ல என்னண்ணே இருக்கு? பார்த்தாலே தெரியலையா?"

"அதானே! நம்ம ஆளு!" என்று ரேடியேட்டர் வாயை ஆவென்று திறந்தது.

மலையில் மூன்றாவது வளைவு வரைக்கும் ஒரு தொல்லையும் இல்லை. அப்புறம் சரக்கில் வேறான பழைய பச்சையும் புதுப் பச்சையும் சேராமல் திரிந்து கூழாகிவிட்டன. குழாய்கள் ஒவ்வொன்றாக அடைத்துக்கொண்டன. பின்னாலிருந்து எஞ்சின், "ஐயோ, வேகுறேன்!" என்று அலறியது.

ரேடியேட்டருக்கு ஒரு இழவும் புரியவில்லை. "டேய், நீ நம்ம ஆளுதானே?"

பாதி கூழாகிப்போன பச்சைக்கும் புரியவில்லை. "நானும் அப்படித்தாண்ணே நெனச்சேன்."